திருமலைக்கு மூன்று நாள்: காசு எதற்குக் கொடுக்கவேண்டும்?

கேள்வி: நான் ஓய்வுபெற்ற ஆசிரியை, சாவகச்சேரியில் இருக்கிறேன். டிசம்பர் விடுமுறைக்குக் கனடாவிலிருந்து தம்பி குடும்பம் வருகிறது. எல்லோருமாக எட்டுப் பேர் திருமலைக்கு, அதாவது திருகோணமலைக்குப் போய், கோயில், கோட்டை, பழைய இடங்கள் என்று மூன்று நாள் ஆறுதலாகப் பார்க்க ஆசை. ஒரு பயண முகவர் ‘கலாசாரச் சுற்றுலா’ என்று வான், அறை, காலைச் சாப்பாடு, கோணேசர் கோயில், கோட்டை, கன்னியா வெந்நீர்க் கிணறுகள், புறாமலைத் தீவுக்குப் படகு எல்லாவற்றையும் சேர்த்துத் தலைக்கு ஒரு விலை சொல்கிறார். பாதிக் காசை இந்தக் கிழமையே கட்டவேண்டுமாம். கட்டலாமா?

பதில்: இந்தக் கிழமை கட்டவேண்டாம், ரீச்சர். முதலில் மாதத்தைப் பாருங்கள். நவம்பர் தொடங்கி ஜனவரி வரை எங்கள் பக்கம் வாடைக்காற்றும் மழையும். அந்த நாட்களில் நிலாவெளிக் கடல் கொந்தளிக்கும், புறாமலைக்குப் படகு விடுவதே அரிது. டிசம்பரில் படகுச் சவாரியைச் சேர்த்து விலை சொல்கிறவரிடம் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: “கடல் சரியில்லை என்றால் அந்தக் காசு திரும்பி வருமா? எழுதித் தருவீர்களா?” எழுதித் தந்தால் மேற்கொண்டு பேசலாம். மழுப்பினால் அவரை விட்டுவிடுங்கள்.

தம்பி ஆட்களுக்குத் திகதியை மாற்ற முடியுமென்றால் ஏப்ரலுக்கும் செப்டெம்பருக்கும் இடையில் வரச் சொல்லுங்கள். கச்சான் காற்று வீசும், வெயில் சுடும். ஆனால் காலையில் கடல் குளம்போலக் கிடக்கும். மாற்ற முடியாவிட்டாலும் பரவாயில்லை. நீங்கள் கேட்டிருப்பது கோயிலும் கோட்டையும்தானே, அவற்றுக்கு டிசம்பர் ஒன்றும் மோசமில்லை. இரண்டு மழைக்கு நடுவில் வெயிலின் சூடு தெரியாமல் நடக்கலாம். விடுதிக்காரரும் அப்போது விலை குறைத்துப் பேச இணங்குவார்கள். படகை மட்டும் பட்டியலிலிருந்து வெட்டிவிடுங்கள்.

அடுத்து, அந்தப் பட்டியலில் எவை உண்மையில் காசு கேட்பவை என்று பாருங்கள். கோணேசர் கோயிலுக்கு நுழைவுச் சீட்டு இல்லை. அர்ச்சனை செய்தால் அதற்குரியது மட்டும். கோட்டைக்கும் சீட்டு இல்லை. இராணுவம் இருக்கும் இடம், வாசலில் சோதிப்பார்கள், அவ்வளவுதான். கன்னியாவில் கொடுப்பது சில்லறைக் காசு. உப்புவெளி யுத்த மயானத்தில் 1942 ஏப்ரல் 9 அன்று ஜப்பானியர் திருமலையில் குண்டு போட்ட காலத்துப் போர்வீரர்கள் அடக்கமாகியிருக்கிறார்கள். அங்கேயும் கட்டணம் கிடையாது. ஆகவே நீங்கள் விலைக்கு வாங்கவேண்டியவை இரண்டு: படுக்க அறை, ஓட வாகனம். கடல் காலத்தில் வந்தால் படகோடு மூன்று. அவற்றைத் தனித்தனியாக விலை கேட்டு, கூட்டி, முகவர் சொன்ன தொகையோடு ஒப்பிட்டுப் பாருங்கள். இடையில் உள்ள வித்தியாசம் ஒழுங்குபடுத்தித் தருவதற்கான கூலி. அது நியாயமாகப் பட்டால் கொடுங்கள், தவறில்லை. ஆனால் கோயிலையும் கோட்டையையும் காட்டி விலையை ஏற்ற இடம் கொடுக்காதீர்கள்.

வாகனத்தில்தான் கணக்கு கவனமாகப் பார்க்கவேண்டும். வான்காரர்கள் பலரும் நாளொன்றுக்கு இத்தனை கிலோமீற்றர் என்று எல்லை வைத்துத்தான் வாடகை சொல்வார்கள். நாளுக்கு 100 என்றால் மூன்று நாளுக்கு 300. சாவகச்சேரியிலிருந்து வவுனியா, ஹொரவப்பொத்தானை வழியாகத் திருமலைக்கு வரவே ஏறக்குறைய 200 கிலோமீற்றர். திரும்பிப் போகவும் அதே தூரம். ஓர் இடமும் பார்க்காமலே எல்லையைத் தாண்டி 100 கிலோமீற்றர் போய்விடுகிறது. அந்த மேலதிகக் கிலோமீற்றருக்கு என்ன விலை, சாரதியின் படியும் அவர் படுக்கும் இடமும் யார் பொறுப்பு, எரிபொருள் உள்ளேயா வெளியேயா என்பதை வட்ஸ்அப்பில் எழுத்தாக வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். தொலைபேசியில் சொன்னதை நம்பி வந்து, இறங்கும்போது வாக்குவாதப்படுகிற குடும்பங்களை இங்கே அடிக்கடி பார்க்கிறேன்.

அறைக்கு வருவோம். “பத்தாயிரம் பிளஸ் பிளஸ்” என்று சொன்னால் 10 வீதச் சேவைக் கட்டணமும் 18 வீத வற் வரியும் மேலே வரும் என்று அர்த்தம். பத்தாயிரம் அறை குறைந்தது 12,800 ரூபாய் ஆகும். நான்கு அறை, இரண்டு இரவு என்று பெருக்கிப் பாருங்கள், 22,400 ரூபாய் கூடுகிறது. எனவே ஒரே கேள்வியாகக் கேளுங்கள்: “எல்லாம் சேர்த்துக் கையில் எவ்வளவு தரவேண்டும்?” வற் பதிவு உள்ள இடம் மட்டுமே அந்த வரியை அறவிடலாம். பில்லில் அவர்களுடைய பதிவு இலக்கம் இருக்கிறதா என்று பாருங்கள்.

இடத்தைப் பொறுத்தவரை, உங்கள் நோக்கத்துக்கு நகரம்தான் சரி. நிலாவெளி அழகான கரை, ஆனால் பதினைந்து கிலோமீற்றர் வடக்கே. விடியற் பூசைக்கு வர ஒவ்வொரு முறையும் வாகனம் வேண்டும். நகரத்தில் தங்கினால் பத்திரகாளி அம்மன் கோயிலுக்கும் கோட்டை வாசலுக்கும் நடந்தே போகலாம். காலைச் சாப்பாடு சேர்த்த அறையும் எடுக்காதீர்கள். சைவச் சாப்பாட்டுக்காரர் அங்கே பாணும் ஜாமும் தின்றுவிட்டு முழு விலை கொடுப்பதைவிட, சைவக் கடையில் சுடச்சுட இடியப்பமும் சொதியும் சாப்பிடலாம்.

சரி, எப்படிப் பார்ப்பது? வரும் வழியிலேயே கன்னியாவை முடித்துவிடுங்கள். ஹொரவப்பொத்தானை வீதியில் நகரத்துக்குச் சற்று முன்பே வந்துவிடும், நகரத்திலிருந்து திரும்பவும் அவ்வளவு தூரம் ஓடத் தேவையில்லை. ஏழு கிணறு, ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு சூடு. தாய்க்குக் கிரியை செய்ய இராவணன் உண்டாக்கியவை என்பது ஐதீகம். அந்தப் பக்கமே வெல்கம் விகாரையும் இருக்கிறது. சோழர் காலத்தில் ‘இராஜராஜப் பெரும்பள்ளி’ என்று பெயர் பெற்ற பௌத்தப் பள்ளி அது, தமிழ்க் கல்வெட்டுகள் அங்கே கிடைத்திருக்கின்றன. கனடாப் பிள்ளைகளுக்கு இதைக் கட்டாயம் காட்டுங்கள். எந்த முகவரின் பட்டியலிலும் நான் இதைக் கண்டதில்லை, அதுதான் எனக்குக் கவலை.

கோட்டை வாசலில் அவசரப்படாதீர்கள். எல்லோரும் கோட்டைக்குள் இருக்கும் கோணேசர் கோயிலை நினைத்துக்கொண்டு விறுவிறு என்று மேலே ஏறிவிடுகிறார்கள். அந்த வாசற் கல்லில் பாண்டியரின் இணைக்கயல், அதாவது இரட்டை மீன் சின்னம், செதுக்கியிருக்கிறது. பக்கத்தில் தேய்ந்துபோன தமிழ் எழுத்து. குளக்கோட்டன் என்ற மன்னன் இந்தக் கோயிலுக்குச் செய்த திருப்பணியைப் பின்னாளில் பறங்கியர் குலைப்பார்கள் என்று சொல்லும் பாட்டின் துண்டு அது. போர்த்துக்கேயர் 1622இல் கோயிலை இடித்து, அந்தக் கல்லிலேயே கோட்டை கட்டினார்கள். விரலால் தடவாமல், காலைச் சாய்வெயிலில் பார்த்தால் எழுத்தின் பள்ளம் தெரியும். அப்புறம் மான்கள். கோட்டைக்குள் அவை மனிதருக்குப் பழகியவை. பிளாஸ்ரிக் பையோடு தீன் போடாதீர்கள், பையையும் சேர்த்துத் தின்றுவிடும்.

மேலே, ‘கோணமாமலை அமர்ந்தாரே’ என்று சம்பந்தர் பாடிய தலம். 1950இல் கிணறு வெட்டும்போது மண்ணுக்குள்ளிருந்து விக்கிரகங்கள் கிடைத்தன. 1956இல் ஆர்தர் சி. கிளார்க்கும் மைக் வில்சனும் மலையடிக் கடலில் சுழியோடிப் பழைய கோயிலின் எச்சங்களைக் கண்டார்கள். நண்பகலில் நடை சாத்தியிருக்கும். காலைப் பூசைக்கோ மாலைப் பூசைக்கோ போங்கள். இரண்டிலும் நான் மாலையைச் சொல்வேன். பூசை முடிந்து இராவணன் வெட்டு என்கிற மலைப்பிளவுப் பக்கம் நிற்கையில் கடற்காற்று முகத்தில் அடிக்கும்.

கேள்வி: புறாமலைக்குப் போக இருக்கிறோம். எங்களோடு வருகிற மைத்துனரிடம் வெளிநாட்டுக் கடவுச்சீட்டுத்தான் உண்டு. அவருக்கு மட்டும் ஏன் பல மடங்கு கட்டணம்? (வவுனியா வாசகர்)

பதில்: புறாமலை 2003இலிருந்து தேசியப் பூங்கா. அறவிடுவது வனசீவராசிகள் திணைக்களம், உள்நாட்டாருக்கு ஒன்று, வெளிநாட்டாருக்கு ஒன்று என்று இரண்டு கட்டணம். யாரும் ஏமாற்றவில்லை. இரட்டைக் குடியுரிமை இருந்தால் இலங்கை அடையாள அட்டையைக் கொண்டுவரச் சொல்லுங்கள். நுழைவுக் கட்டணத்தின்மேல் சேவைக் கட்டணமும் வரியும் சேரும், ஆகவே விலைப்பலகையில் முதலில் உள்ள தொகையை மட்டும் பார்த்துவிட்டுக் காசு எண்ணாதீர்கள். படகு வேறு கணக்கு. அது ஆளுக்கா, முழுப் படகுக்கா என்று ஏறுமுன் கேளுங்கள். உயிர்காப்பு அங்கி எல்லோருக்கும் இருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள், இல்லையென்றால் ஏறவேண்டாம். காலையிலேயே போய்விடுங்கள், மதியத்துக்குப் பிறகு காற்று எழும்பும். பவளப் பாறையில் கால் வைக்கவேண்டாம் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கூட்டிப்போங்கள். ஒரு மிதியில் உடைவது வளர வருடக்கணக்கு ஆகும்.

கேள்வி: விடுதிக்கு முற்பணம் கட்டிய பிறகு மழை காரணமாகப் போகவில்லை. காசு தர மறுக்கிறார்கள். (மட்டக்களப்பு வாசகர்)

பதில்: முற்பணம் வாங்கும்போது என்ன நிபந்தனை சொன்னார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. குறுஞ்செய்தியில் ஏதும் இருக்கிறதா என்று தேடுங்கள். பணம் மீளாது என்று முன்கூட்டியே எழுத்தில் சொல்லியிருந்தால், காசுக்குப் பதில் வேறு திகதி கேட்டுப் பாருங்கள், மழைக்காலத்தில் பெரும்பாலும் சம்மதிப்பார்கள். அப்படி எதுவும் சொல்லாமல் வாங்கியிருந்தால், பணம் கட்டிய பற்றுச்சீட்டோடு எழுத்தில் கேளுங்கள். பதில் வராவிட்டால் நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபைக்கு 1977 என்ற தொலைபேசி இலக்கத்தில் முறையிடலாம். சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையில் பதிந்த விடுதி என்றால் அவர்களுடைய 1912 இலக்கத்துக்கும் சொல்லுங்கள். அதற்கும் மசியவில்லையென்றால் உங்கள் பகுதி மத்தியஸ்த சபை இருக்கிறது, அங்கே சட்டத்தரணி தேவையில்லை.