தாமதமாகச் சேர்ந்தவனைத் தேர்வு எழுத விட மறுத்தால் வழக்குப் போடலாமா?

டர்பன், சாட்ஸ்வர்த்தில் இருக்கும் தங்கள் தம்பி மகனுக்கு என்.எஸ்.எஃப்.ஏ.எஸ். எனும் தென்னாப்பிரிக்க அரசின் மாணவர் உதவித்தொகை தாமதமானதால் மார்ச்சில்தான் பதிவாயிற்று. இப்போது வருகை போதாதென்று பல்கலைக்கழகத்தில் 'டி.பி.', அதாவது தேர்வு எழுதத் தகுதி தரும் சான்று, தர மறுக்கிறார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள்.

வழக்குப் போடலாம். ஆனால் எடுத்த எடுப்பில் கூடாது. அரசுப் பல்கலைக்கழக முடிவுகளுக்கு 2000-ஆம் ஆண்டின் நிர்வாக நீதிச் சட்டம், அதாவது 'பாஜா', பொருந்தும். அதன் 7-ஆம் பிரிவுப்படி பல்கலைக்கழகத்துக்குள்ளேயே செய்யும் உள் மேல்முறையீட்டை முடித்துவிட்டுத்தான் பொதுவாக நீதிமன்றம் போக முடியும். காரணங்களை எழுத்தில் கேட்கவும் அவனுக்கு உரிமை உண்டு. இன்றே கேட்கச் சொல்லுங்கள்.

வலுவான வாதம் தேதியில் இருக்கிறது. பதிவு ஆவதற்கு முந்தைய வகுப்புகளையும் வருகைக் கணக்கில் சேர்த்திருக்கிறார்களா? பதிவுச் சான்று, மின்னஞ்சல்கள், துறையின் வருகை விதி மூன்றையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கட்டணம் வாங்கும்போது தாமதம் யார் கண்ணிலும் படவில்லையே! ஆனால் உள்மதிப்பீட்டு மதிப்பெண்ணே குறைவு என்றால் கதை வேறு. கல்வித் தரம் பற்றிய முடிவில் நீதிபதிகள் எளிதில் கை வைப்பதில்லை.

முடிவை ரத்து செய்யக் கோரி நீதிமன்றத்தில் போடும் மறுஆய்வு மனுவுக்கு 180 நாள் உச்சவரம்பு என்பதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள். தேர்வு நெருங்கினால் உயர் நீதிமன்றத்தில் அவசர மனுதான் வழி. தானே காலம் கடத்திவிட்டு அவசரம் என்று வந்தால் விசாரணைப் பட்டியலிலிருந்தே மனுவை நீக்கிவிடுவார்கள்.