கம்பியில் ஒட்டும் மீன், குழைந்து போகும் பழச் சோறு

கடலூர் மஞ்சக்குப்பத்திலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: “மொட்டை மாடியில் கரி அடுப்பு வைத்து வஞ்சிரம் சுட்டோம். மசாலா கருகிவிட்டது, உள்ளே வேகவில்லை, திருப்பும்போது பாதி மீன் கம்பியிலேயே தங்கிவிட்டது. கூட அன்னாசிப்பழம் போட்டுச் சோறு செய்தேன், பாயசம் மாதிரி ஆகிவிட்டது. காரமான சுட்ட மீனும் பழச் சோறும் சரியாக வர என்ன செய்யலாம்?”

கருகியதற்குக் காரணம் அவசரம். மீன் ஒட்டியதற்கும் சோறு குழைந்ததற்கும் காரணம் ஈரம்.

முதலில் மீன். வஞ்சிரத் துண்டு குழம்புக்கும் தோசைக்கல்லுக்கும் ராஜா, கம்பிக்கு அவ்வளவாகச் சரிப்படாது. வெட்டிய பக்கத்தில் தோல் இல்லாததால் சதை நேராகக் கம்பியில் பிடித்துக்கொள்ளும். சங்கரா, கொடுவா இவற்றை அரைக் கிலோ அளவில், தோலோடு முழுசாக வாங்குங்கள். கைக்கு அடக்கமான விலையில் வேண்டுமென்றால் காணாங்கெளுத்தி. அதில் கொழுப்பு அதிகம், நெருப்புக்கென்றே பிறந்த மீன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை தடைக்காலம், விசைப்படகுகள் போகாது. அந்த நாட்களில் முதுநகரிலோ தேவனாம்பட்டினத்திலோ ஃபைபர் படகில் வரும் சின்ன மீனைப் பாருங்கள். பெரிய வஞ்சிரம் கிடைத்தாலும் அது ஐஸ்பெட்டியில் எத்தனை நாள் படுத்திருந்ததோ. வஞ்சிரம்தான் வேண்டும் என்று வீட்டில் அடம்பிடித்தால், ஒரு அங்குல கனத்துக்குக் குறையாமல் போடச் சொல்லி, மடக்குக் கம்பி வலைக்குள் வைத்துச் சுடுங்கள்.

மீனின் இரண்டு பக்கமும் எலும்பு தட்டும்வரை மூன்று கீறல் போடுங்கள். உப்பும் மஞ்சளும் மட்டும் தடவிக் கால் மணி நேரம் வையுங்கள். தட்டில் தண்ணீர் ஊறி நிற்கும். அதைக் கொட்டிவிட்டுச் சுத்தமான துணியால் மீனை ஒற்றி எடுங்கள். பலரும் விடுவது இந்த ஒரு வேலையைத்தான். ஈர மீனில் தடவிய மசாலா வழுக்கிக்கொண்டு நெருப்பில் விழும், மீன் கம்பியில் ஒட்டிக்கொள்ளும்.

மசாலாவுக்குக் காய்ந்த மிளகாய் பத்து (பாதி காஷ்மீரி, பாதி குண்டு), ஒரு ஸ்பூன் மிளகு, அரை ஸ்பூன் சீரகம், பத்துப் பல் பூண்டு, சிறு துண்டு இஞ்சி, நெல்லிக்காய் அளவு கெட்டிப் புளி. மிளகாயை வெந்நீரில் ஊறவைத்துப் பிழிந்துவிட்டு, துவையல் பதத்துக்கு அரைத்து இரண்டு ஸ்பூன் நல்லெண்ணெய் சேருங்கள். வெங்காயம், தேங்காய், சர்க்கரை மூன்றும் கூடாது, முதலில் கருகுவது அவைதான். தடவி அரை மணி நேரம் போதும். ராத்திரி முழுக்கப் புளியில் ஊறினால் சதை மாவாகிவிடும். கறிக்குப் போடுவதுபோல் பப்பாளிக்காயோ அன்னாசிச் சாறோ மீனில் தடவவே தடவாதீர்கள். அவற்றிலுள்ள நொதிகள் புரதத்தை உடைப்பவை. ஆட்டுக்கறிக்கு அது உதவி, மீனுக்கு அது நாசம்.

நம் பக்கம் சவுக்குத் தோப்புக்குப் பஞ்சமில்லை, சவுக்குக் கரியே போதும். தீ நாக்கு தெரிகிற வரைக்கும் மீனை வைக்கக் கூடாது. கரி சாம்பல் பூத்து உள்ளே சிவந்திருக்க வேண்டும். கம்பிக்கு மேலே ஒரு சாண் உயரத்தில் உள்ளங்கையை நீட்டி மூன்று, நான்கு எண்ணுவதற்குள் சுட்டால் பதம். கரியை ஒரு பக்கமாகக் குவியுங்கள், மறுபக்கம் சூடு குறைவாக இருக்கட்டும். கம்பியை நன்றாகக் காயவிட்டு, பாதி வெங்காயத்தை எண்ணெயில் தொட்டு அழுத்தித் தேயுங்கள். மீனை வைத்தபிறகு கையைக் கட்டிக்கொண்டு நில்லுங்கள். தோல் வெந்து மொறுமொறுத்தால் மீன் தானே கம்பியை விடும். விடவில்லை என்றால் இன்னும் திருப்பும் நேரம் வரவில்லை. அரைக்கிலோ சங்கராவுக்குப் பக்கத்துக்கு ஆறேழு நிமிடம். கொழுப்பு சொட்டித் தீ எழுந்தால் தண்ணீர் தெளிக்காதீர்கள், சாம்பல் பறந்து மீனில் ஒட்டும். சூடு குறைந்த பக்கம் நகர்த்துங்கள். நடுமுள்ளை ஒட்டிய சதை கண்ணாடித்தன்மை போய் வெளுத்துப் பிரிந்தால் வெந்தது. எலுமிச்சை இறக்கியபிறகு.

இனிச் சோறு. மீனோடு பழமா என்று பெரியவர்கள் முகம் சுளித்தால், நெத்திலிக் குழம்பில் மாங்காய் போடுவது யார் என்று கேளுங்கள். மிளகாயின் காரம் தண்ணீரில் கரையாது, கொழுப்பில் கரையும். இனிப்பும் நாக்கின் எரிச்சலைத் தணிக்கும். அதனால் நெய்யும் பழமும் சேர்ந்த சோறு இந்த மீனுக்குப் பொருத்தம்தான்.

பழத்தைச் சோற்றோடு சேர்த்து வேகவைத்ததுதான் தப்பு. ஒரு டம்ளர் சீரகச் சம்பாவை உப்புப் போட்டு உதிரியாக வடித்து, தட்டில் பரப்பி ஆறவிடுங்கள். ஒரு கிண்ணம் அன்னாசித் துண்டுகளைத் தனியாக, எண்ணெயில்லாத வாணலியில், சாறு வற்றி ஓரம் பழுப்பாகும்வரை பிரட்டுங்கள். மாம்பழக் காலத்தில் செங்காயாக இருக்கும் மாம்பழம் இன்னும் நல்லது, கனிந்தது வேண்டாம். பண்ருட்டிப் பலா வந்துவிட்டால் கெட்டியான வருக்கைச் சுளையை நீளவாக்கில் அரிந்து நெய்யில் ஒரு புரட்டு, அவ்வளவுதான். என் ஓட்டு பலாவுக்கு.

தாளிப்புக்கு நெய்யில் முந்திரி, இரண்டு பச்சைமிளகாய், அதோடு ஒரு ஸ்பூன் வடகம். ஆமாம், மீன் குழம்புக்குப் போடுகிறோமே, சின்ன வெங்காயமும் பூண்டும் உளுந்தும் சேர்த்து வெயிலில் காயவைத்த அதே வடகம். புதுச்சேரி வழியாகப் பிரான்சுக்குப் போய் அங்கே ‘வடுவான்’ என்ற பெயரில் மசாலாவாகிவிட்டதும் இதுதான். பழத்தின் திகட்டலை அது அடக்கும். அது இல்லாவிட்டால் இந்தச் சோறு பிறந்தநாள் விருந்துப் பண்டம் போல இருக்கும். தாளிப்பில் பழம், அப்புறம் சோறு, கரண்டிக் காம்பால் கிளறி இறக்குங்கள். சோற்றை முன்பே செய்து வைத்துவிட்டு மீனைக் கடைசியில் போடுங்கள். சோறு காத்திருக்கும், சுட்ட மீன் காத்திருக்காது.

மழை வந்தால் கரி அடுப்பைத் தூக்கிக்கொண்டு உள்ளே போகாதீர்கள். மூடிய அறையில் கரிப்புகையிலுள்ள கார்பன் மோனாக்சைடு வாசனையே இல்லாமல் ஆளைக் கொல்லும். முடிந்தபிறகு கரியைத் தண்ணீர் ஊற்றி அணைத்தபின்தான் குப்பையில் கொட்டுங்கள். சாம்பலுக்கு அடியில் காலைவரை நெருப்பு இருக்கும். மேலே தெரிந்த சாம்பலை நம்பிக் கொட்டி ஒரு பிளாஸ்டிக் தொட்டியை உருக்கியவன் நான்.