கேப்டன் வெரிட்டி – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

1930களில் ஆடிய இங்கிலாந்துச் சுழற்பந்து வீச்சாளர் ஹெட்லி வெரிட்டி பற்றி ஒரு குறிப்பில் 'கேப்டன் வெரிட்டி' என்று எழுதியிருந்தார்கள். எந்த அணிக்குக் கேப்டன்? யார்க்‌ஷயருக்கா, இங்கிலாந்துக்கா? ராணுவப் பதவி என்றால் தோனிக்குக் கொடுத்ததுபோல கௌரவத்துக்குக் கொடுத்ததுதானே? ஈரப் பிட்சில் மட்டும் விக்கெட் எடுத்தவர் என்றும் சொல்கிறார்கள். 10 ரன்னுக்கு 10 விக்கெட் என்ற கணக்கை அப்போது எவ்வளவு பெரிதாக எடுத்துக்கொள்வது?

ர.

அன்புள்ள ர.,

எந்தக் கிரிக்கெட் அணியையும் வைத்து அவரை அப்படி அழைப்பதில்லை. அன்றைய இங்கிலாந்தில் கூலி வாங்கி ஆடுபவன் கவுண்டி அணிக்குக் கேப்டன் ஆவது அநேகமாக நடக்காத காரியம். அந்த இடம் சம்பளம் வாங்காத 'அமெச்சூர்' கனவான்களுக்கு. உடைமாற்றும் அறைகூடப் பல மைதானங்களில் தனித்தனி. ஸ்கோர் அட்டையில் கனவானின் தலைப்பெழுத்து பெயருக்கு முன்னால் வரும், தொழில்முறை ஆட்டக்காரனுடையது பின்னால் வரும். வெரிட்டி ஆடிய காலத்தின் பிற்பகுதியில் யார்க்‌ஷயருக்குத் தலைமை தாங்கியவர் பிரையன் செல்லர்ஸ், அமெச்சூர். 40 டெஸ்டில் 144 விக்கெட் எடுத்த வெரிட்டி அவர் கீழ்தான் ஆடினார். அவரைக் கேப்டன் ஆக்கியது ராணுவம்.

அது கௌரவப் பதவி இல்லை. தோனிக்கு 2011இல் கிடைத்தது பிராந்திய ராணுவத்தின் கௌரவ லெப்டினன்ட் கர்னல் பதவி. நம்மிடம் ஒப்பிட ஆள் வேண்டுமென்றால் ஹேமு அதிகாரியைச் சொல்லலாம். அவர் முழுநேர ராணுவ அதிகாரி, 1959 டெல்லி டெஸ்டில் இந்தியாவுக்குத் தலைமை தாங்கியவர். வெரிட்டி 1938இலேயே, போர் வந்துவிடும் என்று தோன்றியதும், கிரீன் ஹோவர்ட்ஸ் படைப்பிரிவின் அர்னால்ட் ஷா என்ற அதிகாரியிடம் போய் ராணுவப் பாடநூல்களை வாங்கிப் படிக்கத் தொடங்கினார். பந்துவீச்சைப் படித்த அதே பொறுமையோடு படித்திருக்கிறார்.

பிட்ச் விஷயத்துக்கு வருவோம். அன்று ஆட்டம் தொடங்கிவிட்டால் பிட்சை மூடும் வழக்கம் இல்லை. மழையில் ஊறிய மண்ணின் மேல் வெயில் அடித்தால் மேல்தோல் மட்டும் காயும், அடியில் ஈரம் நிற்கும். விழுகிற பந்து அந்தத் தோலைப் பெயர்த்துக்கொண்டு எழும்பும், திரும்பும். முற்றிலும் நனைந்த பிட்சில் அது நடக்காது. பந்து வழுக்கிக்கொண்டு மெதுவாக வரும், ஆடுவது எளிது. காய்ந்துகொண்டிருக்கும் அந்த ஒன்றிரண்டு மணி நேரம்தான் ஆபத்து.

அப்போதும் விக்கெட் தானாக விழாது. ஆசையில் அளவைக் குறைத்துக் குட்டையாகப் போட்டால் மட்டையாளர் பின்காலில் நின்று பந்து திரும்புவதைப் பார்த்துவிட்டு ஆடுவார். அதிகமாகத் திருப்பினால் பந்து மட்டையின் விளிம்பையும் தாண்டிப் போய்விடும். வெரிட்டி உயரமானவர், ஆறடிக்கு மேல். இடதுகைச் சுழலருக்கு வழக்கமில்லாத வேகத்தில், கிட்டத்தட்ட மிதவேகத்தில், முன்காலுக்கு இழுக்கும் அளவில் ஒரே இடத்தில் போட்டுக்கொண்டே இருப்பார். இறங்கி வந்து அடிக்க நேரம் இருக்காது. மட்டையின் அகலத்தில் பாதி திரும்பினால் போதும், ஸ்லிப்பில் கேட்ச்.

1932 ஜூலை, ஹெடிங்லி, நாட்டிங்ஹாம்ஷயருக்கு எதிராக: 19.4 ஓவர், 16 மெய்டன் (ரன்னே கொடுக்காத ஓவர்), 10 ரன், 10 விக்கெட். அந்த 10 ரன்னும் மிச்சமிருந்த மூன்று ஓவர் நான்கு பந்தில் போனவை. அன்றே அதே பிட்சில், அதிவேகப் பந்துவீச்சாளர் லார்வுட் இருந்த அணிக்கு எதிராக, யார்க்‌ஷயர் விக்கெட் இழக்காமல் 139 எடுத்து வென்றது. இதற்குப் பிறகும் 'பிட்ச் எடுத்துக் கொடுத்தது' என்றால் நான் ஒப்ப மாட்டேன்.

ஆனால் குற்றச்சாட்டில் கொஞ்சம் உண்மை உண்டு. 1936–37 ஆஸ்திரேலியத் தொடரில் ஐந்து டெஸ்டில் 10 விக்கெட்தான். மறுபக்கம் நம் சேப்பாக்கம் இருக்கிறது. 1934 பிப்ரவரி, சென்னையின் முதல் டெஸ்ட். ஜார்டின் தலைமையில் வந்த இங்கிலாந்து அணியில் வெரிட்டி 49 ரன்னுக்கு 7, 104 ரன்னுக்கு 4 என்று பதினொரு விக்கெட் எடுத்தார்.

அவருடைய கடைசிக் கவுண்டி ஆட்டம் 1939 செப்டம்பர் 1, ஹோவ், சசெக்ஸுக்கு எதிராக. ஆறு ஓவரில் 9 ரன்னுக்கு 7 விக்கெட். ஜெர்மனி போலந்துக்குள் நுழைந்த நாள் அது. அணி பேருந்தில் வடக்கே திரும்பியது.

போரில் அவர் அதே கிரீன் ஹோவர்ட்ஸில் கேப்டனாக, முதல் பட்டாலியனின் பி கம்பெனியை நடத்தினார். கம்பெனி என்றால் மூன்று பிளாட்டூன் (சிறு படைக்குழு), நூறு பேருக்கு மேல். 1943 ஜூலையில் சிசிலி, கட்டானியா சமவெளியில் இரவுத் தாக்குதல். இந்த வகைத் தாக்குதலில் சொந்தப் படையின் பீரங்கிக் குண்டுகள் முன்னால் விழுந்து நகர, காலாட்படை அதை ஒட்டியே போக வேண்டும். பின்தங்கினால் பதுங்கியிருந்த எதிரி தலைதூக்கிவிடுவான். அங்கே விளைந்து நின்ற வயல் தீப்பற்றியது. அந்த வெளிச்சத்தில் நகர்கிற ஆள் ஒவ்வொருவரும் தனியே தெரிந்தார்கள். எதிரே ஒரு பண்ணை வீட்டிலிருந்து துப்பாக்கிச் சூடு. வெரிட்டி ஒரு பிளாட்டூனைச் சுடச் சொல்லிவிட்டு, இன்னொன்றை அந்த வீட்டின் மீது அனுப்பினார். அப்போது மார்பில் குண்டுச் சிதறல் பட்டது. நிற்காமல் போங்கள் என்று அவர் சொன்னதாக உடனிருந்தவர்கள் பதிவு செய்திருக்கிறார்கள்.

களத்திலேயே இறந்தார் என்று பலர் எழுதுவது தவறு. ஜெர்மானியர் கையில் சிக்கி, அறுவை சிகிச்சை நடந்து, இத்தாலியப் பெருநிலத்துக்குக் கொண்டுபோகப்பட்டு, ஜூலை 31 அன்று நேப்பிள்ஸ் அருகே கசெர்ட்டாவில் இறந்தார். வயது 38.

1954இல் ஆஸ்திரேலியா போகிற வழியில் கப்பல் நேப்பிள்ஸில் நின்றபோது, வெரிட்டியோடு ஒரே கவுண்டி அணியில் ஆடிய லென் ஹட்டன் அந்தக் கல்லறைக்குப் போய் யார்க்‌ஷயர் டை ஒன்றை வைத்துவிட்டு வந்தார். ஹட்டனும் கூலி வாங்கி ஆடியவர்தான். அந்தப் பயணத்தில் அவர் இங்கிலாந்துக் கேப்டன்.