புற்றுநோயைக் கணக்கு வழியாக ஆராயும் வேலை: மகளைப் படிக்க வைக்கலாமா?

மகளுக்குக் கணக்கு நன்றாக வருகிறது, உயிரியலும் பிடிக்கும், ஆனால் டாக்டருக்குப் படிக்க மாட்டேன், புற்றுநோய் ஆராய்ச்சிக்குத்தான் போவேன், அதுவும் ஆய்வகத்தில் இல்லை, கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து செய்கிற ஆராய்ச்சி என்கிறாள், இப்படி ஒரு வேலை உண்மையிலேயே இருக்கிறதா, நம்பிப் படிக்க வைக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். இருக்கிறது. தாராளமாக நம்பலாம். ஆனால் இளநிலைப் படிப்பில் எதை எடுப்பது என்பதில் பல குடும்பங்கள் அவசரப்பட்டுவிடுகின்றன, அங்கே மட்டும் கொஞ்சம் நிதானியுங்கள்.

என் கருத்து இதுதான்: புள்ளியியலை எடுக்கச் சொல்லுங்கள். கிடைக்காவிட்டால் கணிதமோ கணினி அறிவியலோ எடுத்து, புள்ளியியல் தாள்களைச் சேர்த்துப் படிக்கட்டும். பெயரில் 'பயோ' என்று இருக்கிற படிப்பாகத் தேடி ஓட வேண்டாம்.

ஏன் என்றால், அந்த வேலை எப்படி இருக்கும் என்று பாருங்கள். நோயாளியின் கட்டியிலிருந்து எடுத்த சிறு துண்டில் உள்ள ஆர்என்ஏவை, அதாவது எந்த மரபணு எவ்வளவு வேலை செய்கிறது என்று காட்டும் மூலக்கூறை, இயந்திரம் படித்துத் தருகிறது, நூறு நோயாளிகள் என்றால் நூறு நெடுவரிசை, மரபணுக்கள் ஏறக்குறைய 20,000 வரிசை, இப்படி ஒரு பிரம்மாண்டமான அட்டவணை உங்கள் மகளின் மேசைக்கு வரும். மருந்துக்குக் கட்டி சுருங்கியவர்களுக்கும் சுருங்காதவர்களுக்கும் எந்த மரபணுவில் வித்தியாசம் என்று மருத்துவர் கேட்பார். ஒவ்வொரு மரபணுவாக எடுத்து வழக்கமான 5 சதவீத வரம்பில் சோதித்தால், உண்மையில் எந்த வித்தியாசமும் இல்லாவிட்டாலும் சுமார் 1,000 மரபணுக்கள் 'நான்தான், நான்தான்' என்று கை தூக்கும். அந்த ஆயிரத்தை நம்பி ஓர் ஆய்வகம் வருடக்கணக்கில் உழைத்து வீணாகலாம். இதைக் கட்டுப்படுத்த பெஞ்சமினி, ஹாக்பெர்க் என்ற இருவர் 1995இல் தந்த முறைதான் இன்று இத்துறையில் எங்கும் புழங்குகிறது. மென்பொருளில் அது ஒரே ஒரு கட்டளை. கட்டளையைத் தட்ட யாராலும் முடியும், அது எப்போது பொருந்தாது என்று சொல்லத் தெரிந்தவருக்குத்தான் மதிப்பு.

அதற்காக உயிரியல் வேண்டாம் என்று சொல்லவில்லை. கட்டி மாதிரிகளை எல்லாம் ஒரு வாரத்திலும் ஆரோக்கியமான திசுக்களை அடுத்த மாதத்திலும் இயந்திரத்தில் ஓட்டியிருந்தால், அட்டவணையில் தெரிகிற வித்தியாசம் புற்றுநோயால் வந்ததா, ஓட்டிய நாளால் வந்ததா என்று பிரிக்கவே முடியாது. எந்தக் கணக்கும் அங்கே காப்பாற்றாது. ஆய்வகத்துக்கு எழுந்து போய், யார் எடுத்தீர்கள், எப்போது எடுத்தீர்கள், எப்படி உறைய வைத்தீர்கள் என்று கேட்கிற பழக்கம் வேண்டும். ஆனால் உயிரியலைப் பின்னால் படித்துச் சேர்த்துக்கொள்ள முடியும், பலர் அப்படித்தான் வந்திருக்கிறார்கள். நிகழ்தகவையும் நேரியல் இயற்கணிதத்தையும் இருபத்தைந்து வயதுக்கு மேல் தனியாக உட்கார்ந்து கற்பது மிகவும் கடினம்.

இது வெறும் தரவு வேலைதானே என்று யாராவது சொன்னால் ஆல்ஃப்ரெட் நட்சனைச் சொல்லுங்கள். குழந்தைகளுக்கு விழித்திரையில் வருகிற ரெட்டினோபிளாஸ்டோமா என்ற புற்றுநோயில், வெறும் 48 குழந்தைகளின் விவரங்களை வைத்து, எந்த வயதில் நோய் தெரிந்தது, ஒரு கண்ணிலா இரண்டிலுமா என்று கணக்கிட்டு, இரண்டு கண்ணிலும் வந்தவர்களுக்கு மரபணுவில் ஒரு பழுது பிறவியிலேயே இருந்திருக்க வேண்டும், இன்னொன்று பின்னால் நேர்ந்திருக்க வேண்டும் என்று 1971இல் சொன்னார். அந்த மரபணுவை அப்போது யாரும் பார்த்ததே இல்லை. 1986இல்தான் அதைப் பிரித்தெடுத்தார்கள். அவர் குழந்தை மருத்துவர், கணக்கு தெரிந்த மருத்துவர்.

இன்னொரு பக்கத்தையும் உங்கள் மகள் தெரிந்துகொள்ள வேண்டும். எந்த நோயாளிக்கு எந்த கீமோ மருந்து வேலை செய்யும் என்று மரபணு அட்டவணையைப் பார்த்தே சொல்லிவிடலாம் என்று அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்திலிருந்து 2006இல் ஓர் ஆய்வு வந்தது. கீத் பாகர்லி, கெவின் கூம்ஸ் என்ற இரண்டு புள்ளியியலாளர்கள் அதைத் திரும்பக் கணக்கிட்டுப் பார்த்தபோது, மரபணுப் பட்டியல் ஒரு வரிசை நகர்ந்திருந்தது, அதாவது ஒவ்வொரு எண்ணும் பக்கத்து மரபணுவின் பெயரில் உட்கார்ந்திருந்தது. சில இடங்களில் 'மருந்து கேட்கும்', 'கேட்காது' என்ற குறிகளே தலைகீழாக இருந்தன. அந்த முறையை நம்பி நோயாளிகளுக்கு மருந்து தேர்ந்தெடுக்கும் சோதனைகளும் தொடங்கியிருந்தன, 2010இல் அவை நிறுத்தப்பட்டன, பிறகு கட்டுரை திரும்பப் பெறப்பட்டது. நினைத்தாலே பதறுகிறது. இந்த வேலைக்கு வருகிறவர்களிடம் பொறுமையும் சந்தேகப்படும் குணமும் வேண்டும் என்று நான் அடித்துச் சொல்வது இதனால்தான்.

சரி, வேலை எங்கே? இரண்டு பாதை. ஒன்று மருத்துவச் சோதனைப் புள்ளியியல். புது மருந்தை எத்தனை பேரிடம் சோதிப்பது, நடுவில் எப்போது பார்ப்பது, என்ன முடிவு வந்தால் நிறுத்துவது என்று முன்கூட்டியே எழுதி வைக்கிற வேலை. மருந்து நிறுவனங்களும் அவர்களுக்காகச் சோதனை நடத்தித் தரும் நிறுவனங்களும் முதுநிலைப் பட்டத்தோடே இதற்கு ஆள் எடுக்கின்றன, சீக்கிரம் சம்பாதிக்க வேண்டிய குடும்பம் என்றால் இதுதான் சரி. இதைச் சின்ன வேலை என்று நினைக்காதீர்கள். 21 மரபணுக்களைப் பார்க்கும் ஒரு சோதனையில் நடுத்தர மதிப்பெண் வந்த, நிணநீர்க் கணுவுக்குப் பரவாத ஒரு வகை மார்பகப் புற்றுநோயில், பெரும்பாலான பெண்களுக்கு ஹார்மோன் மருந்தே போதும், கீமோ தேவையில்லை என்று 2018இல் உறுதியானது, 10,000 பேருக்கு மேல் சேர்த்து நடத்திய டெய்லர்எக்ஸ் என்ற சோதனையால்தான்.

இன்னொன்று ஆராய்ச்சிப் பாதை. இதற்குப் பிஎச்டி வேண்டும், நாலு முதல் ஆறு வருடம் ஆகும், அப்புறமும் சில வருடம் போஸ்ட்டாக்காக, அதாவது பிஎச்டி முடித்த தற்காலிக ஆய்வாளராக இருக்க நேரும். தோழிகள் எல்லாம் வேலைக்குப் போய்ச் சம்பளம் வாங்குகிற வயதில் இவள் உதவித்தொகையில் இருப்பாள், அதை இப்போதே வீட்டில் வெளிப்படையாகப் பேசிவிடுங்கள். பேராசிரியர் பதவிகள் குறைவு, போட்டி அதிகம். கிடைக்காவிட்டால் தெருவில் நிற்க வேண்டும் என்றும் இல்லை, புற்றுநோய் மருத்துவமனைகளின் ஆய்வுப் பிரிவுகள், நோயறி சோதனை நிறுவனங்கள், மருந்து நிறுவனங்கள் எல்லாம் இதே திறமையைத்தான் தேடுகின்றன.

செயற்கை நுண்ணறிவு வந்து இதையும் சாப்பிட்டுவிடாதா என்ற கேள்விக்கு: நிரல் எழுதுகிற பாதி வேலையை அது எடுத்துக்கொள்ளும். வந்த விடையை நோயாளியிடம் கொண்டுபோகலாமா என்று முடிவு செய்கிற பாதி மனிதரிடம்தான் இருக்கும்.

பணம் கட்டுவதற்கு முன்னால் இந்த விடுமுறையிலேயே அவளுக்கு இது ஒத்துவருகிறதா என்று பார்த்துவிடலாம். டிசிஜிஏ என்ற புற்றுநோய் மரபணுத் திட்டத்தில் 33 வகைப் புற்றுநோய்களின், 11,000க்கும் மேற்பட்ட நோயாளிகளின் தரவு இருக்கிறது, பெயர் விவரம் நீக்கிய பெரும்பகுதியை யாரும் இலவசமாக எடுக்கலாம். அந்தத் தரவு கிடைக்கிற சிபயோபோர்ட்டல் என்ற இணையதளத்தில் ஒரு புற்றுநோயைத் தேர்ந்தெடுத்து அட்டவணையை இறக்கி, ஆர் என்ற இலவச மென்பொருளில் நோயாளிகளில் எத்தனை பேர் எவ்வளவு காலம் உயிரோடு இருந்தார்கள் என்று காட்டும் கப்லான்-மேயர் வளைகோடு ஒன்றை அவளே வரையட்டும். எக்செலில் மட்டும் திறக்க வேண்டாம் என்று சொல்லுங்கள், செப்ட்2 போன்ற மரபணுப் பெயர்களை அது தேதியாக மாற்றிவிடும் என்பதால் 2020 வாக்கில் பெயர்களையே மாற்ற வேண்டியதாகிவிட்டது. அந்த வளைகோட்டில் ஒவ்வொரு படி இறக்கமும் இறந்துபோனவர்கள், சிறு கோடுகள் அதற்குப் பிறகு என்ன ஆனார்கள் என்று தெரியாமல் போனவர்கள். அந்தத் தெரியாதவர்களை ஏன் கணக்கிலிருந்து தூக்கிவிடக் கூடாது என்று அவளிடம் கேளுங்கள். இரண்டு நாள் அதையே யோசித்து, உங்களிடம் வந்து விளக்க முயன்றால், சேர்க்கைப் படிவத்தில் புள்ளியியல் என்று தயங்காமல் எழுதுங்கள். சலித்துப்போய் மூடிவிட்டால் அவளுக்குப் பிடித்தது உயிரியல் மட்டும்தான் என்று அர்த்தம், அப்போது வேறு படிப்புகளைப் பற்றிப் பேசலாம்.