பழங்காலக் கிரேக்க, ரோமானிய வரலாற்று நூல்களில் வரும் சொற்பொழிவுகள் உண்மையில் பேசப்பட்டவையா?

ஏதென்ஸ் தலைவர் பெரிக்ளிஸ் போரில் இறந்தவர்களுக்காக ஆற்றிய இரங்கல் உரையைப் படித்துவிட்டு, “இத்தனை நீளப் பேச்சை யார் பக்கத்தில் உட்கார்ந்து எழுதிக்கொண்டார்கள்?” என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான சந்தேகம். அப்படி யாரும் எழுதிக்கொண்டதாகத் தெரியவில்லை. பெரிக்ளிஸ் பேசினார் என்பது உண்மை. நாம் படிக்கும் சொற்கள் பெரும்பாலும், அதைத் தன் வரலாற்று நூலில் எழுதிய துசிடிடிஸுடையவை. இதில் மோசடி எதுவும் இல்லை, ஏனென்றால் அவரே முதல் நூலில் ஒப்புக்கொள்கிறார். நான் நேரில் கேட்ட பேச்சானாலும் பிறர் வந்து சொன்ன பேச்சானாலும் சொல்லுக்குச் சொல் நினைவில் வைப்பது கடினம். ஆகவே உண்மையில் பேசப்பட்டதன் பொதுக் கருத்தை ஒட்டியபடி, அந்தந்தச் சூழலுக்கு எது தேவையோ அதை அவரவர் பேசுவதாக அமைத்திருக்கிறேன் என்கிறார்.

இதைக் கேட்டதும் ‘ஆக, எல்லாமே கற்பனைதான்’ என்று புத்தகத்தை மூடிவிட வேண்டாம். அதே மனிதர் தேதி விஷயத்தில் எவ்வளவு கறாராக இருக்கிறார் என்று பாருங்கள். அவர் எழுதிய, ஏதென்ஸுக்கும் ஸ்பார்ட்டாவுக்கும் நடந்த பெலோபொனீசியப் போர் கி.மு. 431இல் தொடங்கியது என்று நாம் ஒரே எண்ணில் சொல்லிவிடுகிறோம். அவருக்கு அந்த வசதி இல்லை, ஊருக்கு ஒரு நாட்காட்டி இருந்த காலம். ஆர்கோஸில் கிரிசிஸ் என்பவள் பூசாரியாக இருந்த 48ஆம் ஆண்டு, ஸ்பார்ட்டாவில் ஐனெசியாஸ் எபோர் என்ற ஆட்சிப் பதவியில் இருந்தபோது, ஏதென்ஸில் பித்தோடோரஸின் ஆர்கன் என்ற தலைமைப் பதவிக்காலம் முடியச் சில மாதங்களே இருந்தபோது, வசந்தத்தின் தொடக்கத்தில், இரவின் முதல் யாமத்தில், 300க்குச் சற்று மேற்பட்ட தீப்ஸ் நகர வீரர்கள் பிளாட்டீயா நகருக்குள் நுழைந்ததில் போர் தொடங்கியது என்று எழுதுகிறார். எந்த ஊர்க்காரர் படித்தாலும் காலம் பிடிபட வேண்டும் என்பதற்காக இத்தனை முளைகளை அடிக்கிறார். நடந்தது எப்போது, எங்கே என்பதில் இந்தக் கவனம்; பேச்சு என்று வந்தால் கற்பனைக்கு இடம். ஒரே மனிதரிடம் இரண்டும் இருந்தன, அன்றைய வாசகருக்கு அதில் முரண்பாடும் தெரியவில்லை.

காரணம் அவர்களுடைய படிப்பு. குறிப்பாக ரோமில், படித்த இளைஞன் என்றால் பேச்சுக்கலை பயின்றவன். இக்கட்டில் நின்ற ஒரு பழங்காலத் தலைவனுக்கு நீ என்ன யோசனை சொல்வாய், பேசிக் காட்டு என்பது வகுப்பறைப் பயிற்சி. அப்படி வளர்ந்தவர் வரலாறு எழுத உட்கார்ந்தால், போருக்கு முன் தளபதி வாய் திறக்காமல் இருந்தால்தான் வாசகர் குறை சொல்வார். ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிடஸின் புகழ்பெற்ற வரி ஒன்று இணையத்தில் அடிக்கடி சுற்றுகிறது: “பாழாக்கிவிட்டு அதற்கு அமைதி என்று பெயரிடுகிறார்கள்.” பிரிட்டனின் வடக்கே ரோமப் படையை எதிர்த்து நின்ற கல்ககஸ் என்ற தலைவன் சொன்னதாகப் போடுவார்கள். தன் மொழியில் தன் ஆட்களிடம் எதிரி பேசியதை எந்த ரோமன் கேட்டிருக்க முடியும்? அந்தப் போரில் ரோமப் படையை நடத்தியவர் டாசிடஸின் மாமனார் அக்ரிகோலா. ரோமப் பேரரசைப் பற்றிய மிகக் கசப்பான வாசகத்தை மருமகன் எதிரியின் வாயில் வைத்து எழுதினார். எனக்கு அந்த வரியை விட இந்தச் செயல்தான் ஆச்சரியமாகப் படுகிறது.

உண்மைப் பேச்சையும் வரலாற்றாசிரியர் எழுதிய பேச்சையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க வழி உண்டா? நமக்கு ஓர் அபூர்வ வாய்ப்பு கிடைத்திருக்கிறது. கி.பி. 48இல், கால் (Gaul, பெரும்பாலும் இன்றைய பிரான்ஸ்) நாட்டுப் பிரமுகர்களை ரோமச் செனட்டில் சேர்க்கலாமா என்ற விவாதத்தில் பேரரசர் கிளாடியஸ் பேசினார். மகிழ்ந்துபோன கால் மக்கள் அந்தப் பேச்சை வெண்கலத் தகட்டில் பொறித்து லியோனில் வைத்தார்கள். கிளாடியஸ் பிறந்த ஊரும் அதுதான். 1528இல் அந்தத் தகட்டின் பெரும்பகுதி மண்ணிலிருந்து கிடைத்தது. இன்றும் லியோன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அதே பேச்சை டாசிடஸ் ஏறக்குறைய எழுபது ஆண்டுகள் கழித்துத் தன் ‘ஆண்டுக்குறிப்புகள்’ நூலில் எழுதியிருக்கிறார்.

தகட்டில் இருக்கும் கிளாடியஸ் பாவம், பேசத் தெரியாத அறிஞர். ரோமை ஆண்ட பழைய மன்னர்களில் வெளியூர்க்காரர்கள் உண்டு என்று தொடங்குகிறார், நல்ல வாதம். ஆனால் அந்த மன்னர்களில் ஒருவரான செர்வியஸ் துல்லியஸ் பெயர் வந்ததும் தடம் மாறிவிடுகிறார். நம் ஆசிரியர்கள் அவரை ஓர் அடிமைப்பெண்ணின் மகன் என்பார்கள், இத்தாலியின் பழைய இனத்தவரான எட்ரஸ்கன்களோ அவர் கேலியஸ் விவென்னாவின் நண்பர், இயற்பெயர் மாஸ்டர்னா என்பார்கள் என்று விளக்கம் நீள்கிறது. இன்னொரு இடத்தில், பேரரசின் எல்லையைக் கடலுக்கு அப்பாலும் கொண்டுபோன பெருமையைப் பேசுகிறேன் என்று நினைத்துவிடுவீர்களோ என்று சொல்லியே அந்தப் பெருமையைப் பேசிவிடுகிறார். தனக்குப் பிடிக்காத ஒருவரை, பெயரைச் சொல்ல மாட்டேன் என்று சொல்லிவிட்டுக் கொள்ளைக்காரன் என்று திட்டுகிறார். கடைசியில் “திபேரியஸ் சீசர் ஜெர்மானிகஸே, உன் பேச்சு எங்கே போகிறது என்று அவையினருக்குச் சொல்லும் நேரம் வந்துவிட்டது” என்ற வாசகம் வருகிறது. தன்னையே அவர் அதட்டிக்கொண்டார் என்பாரும் உண்டு, பொறுமையிழந்த செனட்டர் யாரோ போட்ட கூச்சல் அப்படியே பதிவாகிவிட்டது என்பாரும் உண்டு.

டாசிடஸின் கிளாடியஸ் இப்படி ஒரு தடவைகூடத் தடுமாறுவதில்லை. என் முன்னோர் கிளாவ்சஸே ரோமர் அல்ல, சபைன் இனத்தவர்தான் என்று நேராகத் தொடங்குகிறார். தோற்றவர்களை அந்நியர் என்று ஒதுக்கியதால்தான் ஏதென்ஸும் ஸ்பார்ட்டாவும் அழிந்தன என்கிறார். இன்று நாம் முன்னுதாரணம் காட்டி நிலைநாட்டுவது நாளை முன்னுதாரணமாகிவிடும் என்று முடிக்கிறார். கருத்து அதேதான்: வெளியாரைச் சேர்த்துக்கொண்டுதான் ரோம் வளர்ந்தது. சொற்களும் அடுக்கும் நேர்த்தியும் டாசிடஸுடையவை. துசிடிடிஸ் சொன்ன விதியை அவர் மீறிவிட்டார் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஆனால் இழப்பு இருக்கிறது. கிளாடியஸ் எட்ரஸ்கன் வரலாற்றை 20 நூல்களாகக் கிரேக்கத்தில் எழுதியவர். அவற்றில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. மாஸ்டர்னா கதை தகட்டின் வழியாகத்தான் நமக்கு வந்தது. 1857இல் இத்தாலியின் வுல்சியில் எட்ரஸ்கன் கல்லறை ஒன்றைத் திறந்தார்கள். கிளாடியஸுக்குச் சில நூற்றாண்டுகள் முந்தைய அதன் சுவரோவியத்தில், மாக்ஸ்ட்ர்னா என்பவன் கைதியான கைலே விபினாஸின் கட்டை அவிழ்க்கிறான், பெயர்கள் பக்கத்திலேயே எழுதப்பட்டிருக்கின்றன. மாஸ்டர்னா, கேலியஸ் விவென்னா என்ற பெயர்களின் எட்ரஸ்கன் வடிவங்கள்தான் இவை. செனட்டர்களை நெளிய வைத்த அந்தக் கிளைக்கதைக்கு நிஜமான எட்ரஸ்கன் மரபு பின்னால் இருந்திருக்கிறது. ரோமின் சீலியன் குன்றின் பெயரைப் பற்றி வேறோர் இடத்தில் எழுதும்போது டாசிடஸே இந்த விவென்னாவைக் குறிப்பிடுகிறார்; ஆக அவருக்குத் தெரியாத பெயர் அன்று. பேச்சில் ஒட்டாது என்று வெட்டிவிட்டார். எழுத்தாளராக அவர் செய்தது முழுக்கச் சரி, ஆனால் இன்றைய ஆய்வாளருக்கு வேண்டியது அவர் வெட்டிப்போட்ட பகுதிதான்.

இதனால்தான் பலர் ‘கதைசொல்லி’ என்று ஓரங்கட்டும் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் மீது எனக்குத் தனி மரியாதை. சொல்லப்படுவதைச் சொல்வது என் கடமை, எல்லாவற்றையும் நம்புவது என் கடமையில்லை என்று எழுதியவர் அவர். எகிப்து மன்னன் நெக்கோ, கி.மு. 600 வாக்கில், கடலோடிகளான பினீசியர்களை அனுப்பி ஆப்பிரிக்காவைக் கடல்வழியே சுற்றிவரச் செய்தான் என்ற செய்தியை எழுதுகிறார். அவர்கள் சுற்றி வரும்போது சூரியன் தங்களுக்கு வலப்பக்கம் இருந்ததாகச் சொன்னார்களாம். மற்றவர்கள் வேண்டுமானால் நம்பட்டும், நான் நம்பவில்லை என்கிறார். ஆப்பிரிக்காவின் தென்கோடியில் மேற்கு நோக்கிப் போகிறவனுக்கு நண்பகல் சூரியன் வடக்கே, அதாவது வலப்பக்கம்தான் இருக்கும். அவர் நம்பாமல் எழுதிவைத்த அந்த ஒற்றைத் தகவலே, பயணம் நடந்திருக்கலாம் என்று பலர் இன்று நினைக்கக் காரணம்.

எண்களில் மட்டும் அவரிடம் எச்சரிக்கையாக இருங்கள். கிரேக்கத்தின் மீது படையெடுத்த பாரசீக மன்னன் செர்க்சீஸ் கொண்டுவந்த கூட்டம் 52,83,220 பேர் என்கிறார். அதில் தரைப்படையை எண்ண, பத்தாயிரம் பேரை நெருக்கி நிறுத்தி, சுற்றிலும் தொப்புள் உயரத்துக்குச் சுவர் எழுப்பி, மீதிப் படையை அதற்குள் நிரப்பி நிரப்பி எண்ணினார்கள் என்று முறையெல்லாம் விளக்குவார். முறை அழகாக இருக்கிறது, விடையை யாரும் நம்புவதில்லை. இதற்கு எதிர்முனை இன்னொரு கிரேக்க வரலாற்றாசிரியர் போலிபியஸ். ரோமுக்கு எதிராக ஆல்ப்ஸ் மலையைக் கடந்த கார்த்தேஜ் தளபதி ஹானிபல் இத்தாலிக்குள் இறங்கியபோது எஞ்சியிருந்தது 20,000 காலாட்கள், அதிகம் போனால் 6,000 குதிரை வீரர் என்பார். தென் இத்தாலியின் லசினியம் முனையில் ஹானிபலே வைத்துவிட்டுப் போன வெண்கலத் தகட்டைப் பார்த்து எழுதியது. ஹானிபல் கடந்த ஆல்ப்ஸ் வழியில் தானும் நடந்து பார்த்தவர். கற்பனைப் பேச்சு எழுதுகிறவர்களைக் கண்டால் அவருக்கு ஆகாது. ஏதென்ஸில் ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் உட்கார்ந்த இடத்திலிருந்தே எழுதிய வரலாற்றாசிரியர் டிமேயஸைக் கிழித்துத் தோரணம் கட்டியிருக்கிறார். ரோமானிய வரலாற்றாசிரியர் லிவி அதே மலைக்கதையில் பாறையைச் சூடாக்கி வினிகர் ஊற்றி உடைத்தார்கள் என்று சேர்ப்பார். போலிபியஸில் வினிகர் கிடையாது. சுவாரசியம் என்னவோ லிவியிடம்தான்.

நீங்கள் புதிதாகத் தொடங்குகிறீர்கள் என்பதால் ஒரு யோசனை. ‘ஆண்டுக்குறிப்புகள்’ 11ஆம் நூலின் 24ஆம் பகுதியையும் லியோன் தகட்டின் மொழிபெயர்ப்பையும் அடுத்தடுத்துப் படியுங்கள். இரண்டும் சில பக்கங்கள்தான், ஆங்கிலத்தில் இணையத்திலேயே கிடைக்கின்றன. பிறகு பெரிக்ளிஸின் உரைக்குத் திரும்புங்கள்.