கவர் டிரைவுக்கு முன்னால்

வணக்கம் அண்ணா,

நான் கல்முனை. சின்ன வயதிலிருந்தே மென்பந்துதான். இந்த வருடம் கழகத்தில் கடினபந்து அணியில் சேர்த்திருக்கிறார்கள். மென்பந்தில் சிக்ஸ் போன அதே அடிக்கு இப்போது போல்ட் ஆகிறேன், இல்லாவிட்டால் கேட்ச். இரவில் சங்கக்காரவின் கவர் டிரைவ் வீடியோக்களைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். நான் வலதுகை. அவரிடமிருந்து எதைப் படிக்கலாம்?

அன்புள்ள தம்பி,

நிறையப் படிக்கலாம். வீச்சாளரின் கையை விட்டுப் பந்து வெளிவரும் நொடியில் வீடியோவை நிறுத்துங்கள். அடியை விடுங்கள், தலையைப் பாருங்கள். அசையாமல், இரு கண்களும் ஒரே மட்டத்தில் இருக்கும். பிறகு தலையும் முன்தோளும் பந்தை நோக்கிச் சாயும், கால் அதற்குப் பின்னால் போகும். டெஸ்டில் 57.40 சராசரியில் 12,400 ஓட்டங்கள் எடுத்தவரின் அத்திவாரம் அதுதான். அவர் இடதுகை என்பது உங்களுக்கு நல்லதே. முன்னாலிருந்து எடுத்த காட்சியில் கண்ணாடி பார்ப்பதுபோல அப்படியே பின்பற்றலாம்.

உங்கள் சிக்கல் நம் கரையோரத்தில் மென்பந்து ஆடி வளர்ந்த எல்லாருக்கும் உள்ளதுதான். டெனிஸ் பந்து மெதுவாக வந்து உயர எழும்பும். அதனால் முன்காலை லெக் பக்கம் விலக்கி, வலக்கையால் தூக்கிச் சுற்றப் பழகிவிடுகிறோம். கடினபந்து தையலில் பட்டுத் திரும்பும்போது விலகிய காலுக்கும் மட்டைக்கும் நடுவில் வாசல் திறந்து கிடக்கும்.

முதலில் பிடியைச் சரிசெய்யுங்கள். இரு கைகளிலும் பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையே விழும் 'வி' வடிவம் ஒரே கோட்டில், மட்டையின் முதுகுப் பக்கம் இறங்க வேண்டும். வலக்கைப் பிடி தளர்வாக இருக்கட்டும்.

அப்புறம், மட்டையை இடக்கையால் மட்டும் பிடியுங்கள். கூட்டாளி ஒருவர் பக்கத்தில் நின்று டெனிஸ் பந்தைக் கீழே போடட்டும். ஒருமுறை குத்தியதும் நேராக அடியுங்கள். முதல் நாள் கை கடுக்கும், பந்து கோணலாகப் போகும். பரவாயில்லை. நேராகப் போகத் தொடங்கிய பிறகுதான் வலக்கையைச் சேர்க்க வேண்டும். ஆள் இல்லையென்றால் பழைய காலுறையில் பந்தைப் போட்டு மரக்கிளையில் தொங்கவிடுங்கள். ஆஸ்திரேலியத் துடுப்பாட்டக்காரர் பிராட்மன் சிறுவயதில் தன் ஊரான பௌரலில், வீட்டுத் தண்ணீர்த் தாங்கியின் அடிச்சுவரில் கோல்ஃப் பந்தை எறிந்து, திரும்பி வருவதை ஸ்டம்பால் அடித்துத் தனியாகவே பழகினார்.

கவர் டிரைவ், அதாவது முன்காலில் சாய்ந்து ஆஃப் பக்கமாக அடிக்கும் அடி, இப்போதைக்கு வேண்டாம். பந்து வீச்சாளர் பக்கம் நேராக அடிக்க வந்தபின் அதற்குப் போகலாம். வலைப்பயிற்சியில் ஹெல்மெட்டுக்கு முறை பார்த்துக் காத்திருக்க நேர்ந்தாலும் காத்திருங்கள். ஹெல்மெட்டும் அடிவயிற்றுக் கார்டும் போடாமல் கடினபந்துக்கு முன்னால் நிற்கவே வேண்டாம், தம்பி.