கொலைச் செய்தியும் சாலைச் செய்தியும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

2017-இல் பத்திரிகையாளர் கௌரி லங்கேஷ் கொல்லப்பட்டபோது நாடே கொந்தளித்தது. 2025 ஜனவரியில் சத்தீஸ்கரில் முகேஷ் சந்திரகர் கொல்லப்பட்டதை அதற்குள் மறந்துவிட்டார்கள். பெருநகரத்தில் இருந்தால்தான் பத்திரிகையாளரா?

– ஒரு வாசகர், தஞ்சாவூர்

அன்புள்ள நண்பருக்கு,

பாரபட்சம் உண்டு, இல்லையென்று சொல்ல மாட்டேன். கௌரி பெங்களூருக்காரர், டெல்லி பத்திரிகை ஆசிரியர்களுக்கு அறிமுகமானவர். முகேஷ் சத்தீஸ்கரின் பிஜாப்பூரிலிருந்து ‘பஸ்தர் ஜங்ஷன்’ என்ற யூடியூப் சேனல் நடத்தியவர். 2021-இல் மாவோயிஸ்டுகள் பிடித்துவைத்திருந்த சிஆர்பிஎஃப் வீரரைக் காட்டுக்குள் போய் மீட்டுவந்த உள்ளூர் நிருபர்களில் அவரும் ஒருவர்.

ஆனால் என் ஆதங்கம் வேறு. முகேஷைப் பற்றிப் பேசிய அந்தச் சில நாட்களில் ஊடகங்களில் எதைப் பேசினார்கள்? சாலை ஒப்பந்ததாரரின் வளாகத்தில் அவர் உடலைப் போட்டு, புதிதாக கான்கிரீட் போட்டு மூடிய கழிவுநீர்த் தொட்டி. உடற்கூறாய்வு அறிக்கை (அதை உறுப்பு உறுப்பாக வாசித்தார்கள், வீட்டார் கேட்பார்களே என்றுகூட யோசிக்கவில்லை). ஒப்பந்ததாரரின் கட்டடத்தை இடித்த புல்டோசர், அப்புறம் ஹைதராபாத்தில் அவர் கைது. முகேஷ் அம்பலப்படுத்திய நெலஸ்நார்–கங்காலூர் சாலை முறைகேடு மட்டும் ‘கொலைக்கான காரணம்’ என்று அரை வரியில் முடிந்துபோனது.

50 கோடி ரூபாய் வேலை 120 கோடி ஆனது என்றார்கள். ஏற்றியது யார், பில்லில் கையெழுத்துப் போட்ட பொறியாளர் யார், எம்-புக்கில் (வேலையின் அளவுகளைப் பதியும் அரசுப் புத்தகம்) எழுதியிருக்கும் சாலைத் தடிமன் தோண்டிப் பார்த்தால் இருக்கிறதா? இதற்கெல்லாம் ஆள் அங்கே போய்த் தங்க வேண்டும். கொலைச் செய்திக்குத் தலைநகர் ராய்ப்பூரில் உட்கார்ந்து போலீஸ் சொல்வதை எழுதினால் போதும்.

ஐரோப்பியத் தீவுநாடான மால்டாவில் 2017 அக்டோபரில் பத்திரிகையாளர் டாஃப்னி கருவானா கலிசியாவைக் கார் குண்டு வைத்துக் கொன்றார்கள். 2018-இல் 18 ஊடக நிறுவனங்களைச் சேர்ந்த 45 பேர் கைகோத்து, அவர் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்கள். ‘17 பிளாக்’ என்ற மர்ம நிறுவனத்தின் பெயரை எழுதியிருந்தார் டாஃப்னி. அதன் உரிமையாளர் யார் என்பதை ராய்ட்டர்ஸும் டைம்ஸ் ஆஃப் மால்டாவும் அந்த ஆண்டே வெளியிட்டன. அடுத்த ஆண்டு அந்த உரிமையாளர்மீது டாஃப்னி கொலைக்கு உடந்தை என்று வழக்கு பாய்ந்தது. அவர் அதை மறுக்கிறார்.

நம்மூரில் இரண்டு பத்திரிகைகள் ஒரு பைலைனை (செய்தியில் போடும் நிருபர் பெயரை) பகிர்ந்துகொள்ளுமா? சிரிப்புதான் வருகிறது. சரி, தனியாகவாவது யாரேனும் நிருபரை அனுப்பி அந்தச் சாலையைத் தோண்டிப் பார்க்கட்டும். அந்தப் பத்திரிகைக்கு முதல் சந்தா என்னுடையது.